சிம்பன்சிக்கு நம்மைவிட எத்தனை மடங்கு பலம்?

சிம்பன்சியைப் பற்றிப் பேச்சு எழுந்தால் ஓர் எண்ணும் கூடவே வந்து நிற்கும். "மனிதனைவிட ஐந்து மடங்கு பலம்" என்பார் ஒருவர். "எட்டு மடங்கு" என்று இன்னொருவர் ஏற்றுவார். "நினைத்தால் ஆளின் கையைத் தோளோடு பிடுங்கிவிடும்" என்று மூன்றாமவர் முடித்துவைப்பார். எத்தனை மடங்கு என்று சொல்கிற யாரும் எதில் அத்தனை மடங்கு என்று சொல்வதில்லை. இழுப்பதிலா, தூக்குவதிலா, தாவுவதிலா? உடல் எடையைக் கணக்கில் கொண்டா, கொள்ளாமலா? இவற்றைக் கேட்காமல் விட்டதால்தான் ஒரு தவறான எண் ஏறத்தாழ நூறு ஆண்டுகளாக வாய்க்கு வாய் மாறி வந்துகொண்டிருக்கிறது.

விடையை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். இழுப்பதிலும் தாவுவதிலும், ஒரு கிலோ உடல் எடைக்கு இவ்வளவு என்று கணக்கிட்டால், சிம்பன்சி மனிதனைவிடச் சராசரியாக ஒன்றரை மடங்கு வலுவானது. அவ்வளவுதான். ஆனால் அந்த ஒன்றரை மடங்கு உடலில் எந்த இடத்திலிருந்து வருகிறது என்று தேடிப் போனால், சிம்பன்சியைவிட நம்மைப் பற்றித்தான் அதிகம் தெரிந்துகொள்கிறோம்.

ஐந்து மடங்கு என்ற கதை பிறந்த இடம்

1920-களில் ஜான் பாமன் என்ற ஆய்வாளர் நியூயார்க்கின் பிராங்க்ஸ் உயிரியல் பூங்காவில் ஒரு சோதனை நடத்தினார். கயிற்றின் ஒரு முனையில் இழுவிசைமானியைப் பொருத்தி, மறுமுனையைச் சிம்பன்சிகளின் கையில் எட்டும்படி விட்டார். இழுவிசைமானி என்பது எவ்வளவு விசையுடன் இழுக்கிறோம் என்பதை முள்ளால் காட்டும் கருவி. சூசெட் என்ற பெண் சிம்பன்சி இரண்டு கைகளாலும் இழுத்தபோது முள் 1,260 பவுண்டைத் தொட்டது. அதாவது ஏறத்தாழ 571 கிலோ. போமா என்ற ஆண் சிம்பன்சி ஒற்றைக் கையால் 847 பவுண்டு, ஏறத்தாழ 384 கிலோ இழுத்தது. ஒப்பீட்டுக்காக இழுக்கவைக்கப்பட்ட வலுவான கல்லூரி மாணவர்களின் அளவுகள் இவற்றின் பக்கத்தில்கூட வரவில்லை.

கேட்பவர்கள் வாயடைத்துப் போனதில் வியப்பில்லை. அந்த வியப்புதான் "ஐந்து மடங்கு" ஆயிற்று.

ஆனால் இந்தச் சோதனையைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்க வேண்டும். கயிறு இழுக்கும் போட்டியில் கலந்துகொண்ட யாருக்கும் ஓர் உண்மை தெரியும். வழுக்கும் தரையில் நின்று இழுப்பதும், ஒரு கல்லில் குதிகாலை ஊன்றி உடலைப் பின்னுக்குச் சாய்த்து இழுப்பதும் ஒன்றல்ல. ஆள் அதே ஆள், பலமும் அதே பலம். ஆனாலும் கயிற்றில் விழும் விசை பெரிதும் மாறிவிடும். சீராக இழுப்பதற்கும் வெடுக்கென்று வெட்டி இழுப்பதற்கும் இடையிலும் அதே வேறுபாடு உண்டு. முள் எட்டிய உச்சத்தை மட்டும் குறித்துக்கொண்டால், அது கையின் பலமா, உடல் முழுவதையும் எறிந்து கொடுத்த உலுக்கலா என்று பிரித்துச் சொல்ல முடியாது. சிம்பன்சியிடம் "இப்படி நில், இப்படிப் பிடி, சீராக இழு" என்று சொல்லிப் பயனில்லை. தனக்குத் தோன்றும்போது, தனக்கு வசதியான விதத்தில் அது இழுக்கும்.

1943-இல் யேல் பல்கலைக்கழகத்தின் விலங்கு ஆய்வகத்தில் பணியாற்றிய கிளென் ஃபின்ச், கட்டுப்பாடுகளைக் கூட்டி, எட்டுச் சிம்பன்சிகளை வைத்து இதே கேள்வியை மீண்டும் சோதித்தார். முடிவு தலைகீழாக இருந்தது. வளர்ந்த ஆண் சிம்பன்சி இழுத்த அளவு, வளர்ந்த மனித ஆண் இழுத்த அளவுக்கு ஏறத்தாழச் சமம். சிம்பன்சியின் உடல் சிறியது என்பதைக் கணக்கில் சேர்த்த பிறகு அது மனிதனை முந்தியது உண்மைதான். ஆனால் ஐந்து மடங்கின் பக்கத்தில்கூட இல்லை. பாமனின் எண் ஊரெல்லாம் பரவியது, ஃபின்ச்சின் எண் ஆய்விதழிலேயே தங்கிவிட்டது. எனக்கு இதில் உண்மையான வருத்தம் உண்டு. கவனமாகச் செய்த வேலைக்குக் கிடைக்க வேண்டிய இடத்தை ஒரு மலைப்பான எண் பறித்துக்கொண்டது.

மொத்தப் பலமும் எடைக்கேற்ற பலமும்

குழப்பத்தின் பெரும்பகுதி இந்த இரண்டையும் ஒன்றாக்கிப் பேசுவதில்தான் இருக்கிறது. ஆகவே இங்கே கொஞ்சம் நின்று போவோம்.

மொத்தப் பலம் என்பது ஓர் உடலால் எவ்வளவு விசை தர முடியும் என்பது. எடைக்கேற்ற பலம் என்பது அந்த விசையை உடல் எடையால் வகுத்தால் கிடைப்பது. "எறும்பு தன் எடையைப் போலப் பல மடங்கு சுமக்கும்" என்று நாம் சொல்வது இரண்டாவது வகை. மொத்தப் பலத்தில் எறும்பை ஒரு விரலால் நிறுத்திவிடலாம்.

சிறிய உடலுக்கு எடைக்கேற்ற பலம் எப்போதுமே கூடுதலாகத் தெரியும். காரணம் எளிய கணக்கு. தசையின் விசை அதன் தடிமனைப் பொறுத்தது. அதாவது, குறுக்கே வெட்டினால் தெரியும் பரப்பைப் பொறுத்தது. எடையோ கன அளவைப் பொறுத்தது. ஒரு கனசதுரத்தின் பக்கத்தை இரண்டு மடங்காக்கினால் அதன் முகப்பின் பரப்பு நான்கு மடங்காகும், கன அளவு எட்டு மடங்காகும். உடல் பெரிதாகப் பெரிதாக எடை ஏறும் வேகத்துக்குப் பலம் ஏறுவதில்லை.

இதை மனிதர்களிடமே பார்க்கலாம். 1988 சியோல் ஒலிம்பிக்கில் 60 கிலோ எடைப் பிரிவில் போட்டியிட்ட நைம் சுலைமானோக்லு 190 கிலோவைத் தலைக்கு மேல் தூக்கினார். தன் எடையைப் போல மூன்று மடங்குக்கும் அதிகம். 2016-இல் எடி ஹால் 500 கிலோவைத் தரையிலிருந்து இடுப்பு வரை தூக்கினார், உலகமே வியந்தது. ஆனால் அவர் மாபெரும் உடல் கொண்டவர், அவருடைய எடையால் வகுத்தால் மூன்று மடங்கைத் தொடவில்லை. அதுவும் தலைக்கு மேல் தூக்குவதைவிட இடுப்பு வரை தூக்குவது எளிது. இருவரில் யார் வலுவானவர்? எந்த வகைப் பலம் என்று சொல்லாமல் இதற்கு விடை சொல்ல முடியாது.

இப்போது சிம்பன்சிக்கு வருவோம். காட்டில் வாழும் வளர்ந்த ஆண் சிம்பன்சியின் எடை பெரும்பாலும் 40 முதல் 60 கிலோ வரை. பெண் இன்னும் குறைவு. 45 கிலோ எடையுள்ள ஒரு சிம்பன்சியை எடுத்துக்கொள்ளுங்கள். எடைக்கேற்ற பலம் மனிதனைப் போல ஒன்றரை மடங்கு என்றால், 45-ஐ ஒன்றரையால் பெருக்க 67.5 வரும். அதாவது, இழுப்பதில் அந்தச் சிம்பன்சி ஏறத்தாழ 68 கிலோ எடையுள்ள மனிதனுக்குச் சமம். ஃபின்ச் 1943-இல் கண்டதும் இதுதான்.

இதுவரை பார்த்ததைச் சேர்த்துச் சொன்னால்: சிம்பன்சி நம்மைவிடச் சிறிய உடல் கொண்டது, அந்தச் சிறிய உடலிலிருந்து நம் அளவுக்கு விசையைத் தருகிறது. இரண்டும் ஒரே நேரத்தில் உண்மை.

ஒன்றரை என்ற எண்ணுக்கு வந்த வழி

2017-இல் மேத்யூ ஓ'நீலும் அவருடைய சக ஆய்வாளர்களும் அமெரிக்க தேசிய அறிவியல் கழகத்தின் ஆய்விதழில் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். பாமன் காலம் தொட்டு நடந்த இழுக்கும், தாவும் சோதனைகளை ஒன்றாகத் தொகுத்துப் பார்த்தபோது, எடைக்கேற்ற அளவில் சிம்பன்சியின் முன்னிலை சராசரியாக ஒன்றரை மடங்கு என்று தெரிந்தது.

அதற்கு முன்பே, 2006-இல், சிம்பன்சியின் நெருங்கிய உறவான போனபோவைத் தாவவைத்து அளந்த ஆய்வு ஒன்று இருக்கிறது. நின்ற இடத்திலிருந்து மேலே எம்பியபோது போனபோவின் உடல் 70 சென்டிமீட்டருக்கும் மேல் உயர்ந்தது. சாதாரண மனிதர்கள் அதே விதத்தில் எம்பினால் 30, 40 சென்டிமீட்டர்தான் உயர்வார்கள். மனிதக் கால்கள் நீளமானவை, தசை நிறைந்தவை. இருந்தும் குட்டைக் கால் போனபோ நம்மைத் தோற்கடிக்கிறது. வெறும் உடல் அமைப்பு இதை விளக்காது. தசைக்குள்ளேயே ஏதோ வேறுபாடு இருக்க வேண்டும் என்ற ஐயம் இதனால் வலுத்தது.

தசைக்குள் என்ன நடக்கிறது

ஒரு தசை என்பது ஒரே துண்டு அல்ல. முறுக்கிய கயிற்றைப் பிரித்தால் புரி புரியாக வருவதுபோல, தசையைப் பிரித்தால் மெல்லிய இழைகளாக வரும். இவற்றைத் தசையிழைகள் என்கிறோம். மூளையிலிருந்து கட்டளை வந்தவுடன் இவை சுருங்குகின்றன. அந்தச் சுருக்கம் எலும்பை இழுக்கிறது. நம் அசைவு எல்லாமே இதுதான்.

தசையிழைகளில் இரண்டு பெரும் வகைகள் உண்டு. ஒன்று வேக இழை. சட்டென்று சுருங்கும், விரைவில் களைக்கும், அதிக ஆற்றலைச் செலவழிக்கும். மற்றது நிதான இழை. மெதுவாகச் சுருங்கும், எளிதில் சோர்ந்து போகாது, குறைந்த ஆற்றலில் வேலை செய்யும். நூறு மீட்டர் ஓட்டக்காரரின் கால் தசையில் முதல் வகையும், மாரத்தான் ஓட்டக்காரரின் கால் தசையில் இரண்டாவது வகையும் மிகுந்திருப்பது வழக்கம்.

ஓ'நீல் குழுவினர் சிம்பன்சியின் தசைகளை எடுத்து இழைகளை வகைப்படுத்திப் பார்த்தார்கள். சிம்பன்சியின் தசைகளில் சராசரியாக 67 விழுக்காடு வேக இழைகள். மனிதரிடம் நிலைமை நேர் எதிர்: நமக்கு ஏறத்தாழ 70 விழுக்காடு நிதான இழைகள். விகிதம் அப்படியே புரண்டு கிடக்கிறது.

இந்த ஆய்வில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி அடுத்ததுதான். அவர்கள் சிம்பன்சியின் தனி இழை ஒன்றைப் பிரித்தெடுத்து, அது தரும் விசையையும் சுருங்கும் வேகத்தையும் அளந்தார்கள். அதே வகை, அதே தடிமன் கொண்ட மனித இழையோடு ஒப்பிட்டால் பெரிய வேறுபாடே இல்லை. சிம்பன்சியின் தசை ஏதோ தனி உலோகத்தால் செய்யப்பட்டது என்பதுபோலப் பேசுகிறவர்கள் இதைக் கவனிக்க வேண்டும். செங்கல் அதே செங்கல். எந்தச் செங்கலை எத்தனை அடுக்கியிருக்கிறது என்பதில்தான் வேறுபாடு.

இன்னொரு வேறுபாடும் உண்டு, இழையின் நீளம். சிம்பன்சியின் தசையிழைகள் நம்முடையவற்றைவிட நீளமானவை. நீளத்தால் என்ன ஆதாயம்? ஒரு சங்கிலியை மனத்தில் கொள்ளுங்கள். ஒவ்வொரு வளையமும் ஒரு நொடியில் ஒரு சென்டிமீட்டர் சுருங்கும் என்று வைத்துக்கொண்டால், பத்து வளையச் சங்கிலியின் முனை ஒரு நொடியில் பத்து சென்டிமீட்டர் நகரும். இருபது வளையச் சங்கிலியின் முனை அதே நொடியில் இருபது சென்டிமீட்டர் நகரும். விசை கூடவில்லை, ஆனால் அதே விசையை அதிக தூரத்துக்கும் அதிக வேகத்திலும் செலுத்த முடிகிறது. தாவுவதற்கும் வெடுக்கென்று இழுப்பதற்கும் வேண்டியது இதுதான்.

இழை விகிதம், நீளம் ஆகிய இரண்டையும் கணினி மாதிரியில் இட்டுப் பார்த்தபோது, ஒரே அளவுள்ள மனிதத் தசையைவிடச் சிம்பன்சித் தசை, அசைவின்போது தரும் உச்ச விசையிலும் திறனிலும் 1.35 மடங்கு முன்னே நின்றது. திறன் என்பது ஒரு நொடிக்குள் எவ்வளவு வேலை செய்ய முடிகிறது என்பது. "அசைவின்போது" என்ற சொல்லை விட்டுவிடாதீர்கள். ஒரு கனத்தை அசையாமல் பிடித்துக்கொண்டு நிற்பதில் இந்த முன்னிலை இல்லை. விரைந்து சுருங்கும்போதுதான் அது வெளிப்படுகிறது.

1.35-க்கும் ஒன்றரைக்கும் இடையில் மிஞ்சும் சிறு இடைவெளியில் உடல் அமைப்புக்கும் பங்கு உண்டு. மரத்தில் தொங்கி ஏறும் விலங்குக்குத் தோளிலும் கையிலும் தசை குவிந்திருக்கிறது. நமக்குத் தசையின் பெரும்பங்கு இடுப்புக்குக் கீழே இறங்கிவிட்டது. எனவே கையால் இழுக்கும் போட்டி என்பதே சிம்பன்சிக்குச் சாதகமான களம்.

இந்தப் பகுதியின் சாரம்: தசைப்பொருள் ஒன்றுதான், வேக இழைகள் அதிகம், இழைகள் நீளம், தசை குவிந்திருக்கும் இடம் வேறு. இவை சேர்ந்தே ஒன்றரை மடங்கு.

நரம்பின் பங்கு

தசை தானாகச் சுருங்குவதில்லை. நரம்பு கட்டளையிட வேண்டும். முதுகுத்தண்டிலிருந்து வரும் ஒரு நரம்பணுவும், அதன் கட்டளைக்குக் கட்டுப்பட்ட இழைகளும் சேர்ந்த தொகுதியை இயக்க அலகு என்பார்கள். ஒரு நரம்பணு சில இழைகளை மட்டும் ஆட்டிவைத்தால் அசைவை நுணுக்கமாகக் கூட்டிக் குறைக்கலாம். ஒரே நரம்பணு நூற்றுக்கணக்கான இழைகளை ஒன்றாக ஏவினால் வலு கிடைக்கும், நுணுக்கம் போய்விடும்.

2009-இல் ஆலன் வாக்கர் என்ற மானிடவியலாளர் இதை வைத்து ஒரு கருத்தை முன்வைத்தார். மனிதரின் நரம்பு அமைப்பு நுண்ணிய கட்டுப்பாட்டுக்குச் சாதகமாக வளர்ந்தது. ஊசியில் நூல் கோக்கவும் கல்லைச் செதுக்கிக் கருவியாக்கவும் நமக்கு முடிவது அதனால்தான். சிம்பன்சியோ ஒரே கட்டளையில் அதிக இழைகளை ஏவிவிடுகிறது என்பது அவர் வாதம். இது ஒரு கருதுகோள். தசையிழைகளை அளந்து கண்டதற்கு இருக்கும் உறுதி இதற்கு இல்லை. எனினும் இரண்டும் ஒன்றையொன்று மறுக்கவில்லை.

மாறியது யார்?

"சிம்பன்சி ஏன் இவ்வளவு வலுவாக இருக்கிறது" என்றுதான் எல்லோரும் கேட்கிறோம். 2017 ஆய்வு அந்தக் கேள்வியையே திருப்பிப் போட்டது. மற்றப் பாலூட்டிகளின் தசைகளோடு ஒப்பிட்டபோது சிம்பன்சியின் தசை விகிதம் வழக்கமானதாகவே இருந்தது. வழக்கத்துக்கு மாறாக நின்றது மனிதத் தசை. ஏறத்தாழ 60, 70 இலட்சம் ஆண்டுகளுக்கு முன் சிம்பன்சியின் வழியும் நம் வழியும் பிரிந்தன. அதற்குப் பிறகு நம் வழியில்தான் நிதான இழைகள் பெருகின. சிம்பன்சிக்குப் பலம் கூடவில்லை. நமக்கு வெடிப்பு வேகம் குறைந்தது.

ஏன் அப்படி விட்டுக்கொடுத்தோம்? அன்றாட வாழ்வில் இந்த உடல் என்ன செய்கிறது என்று பாருங்கள். நடக்கிறோம். மணிக்கணக்கில் நடக்கிறோம். 2007-இல் வெளியான ஓர் ஆய்வில், ஓடுபட்டையில் மனிதரையும் சிம்பன்சியையும் நடக்கவைத்து, அவர்கள் உட்கொண்ட ஆக்சிஜனை அளந்து, செலவான ஆற்றலைக் கணக்கிட்டார்கள். மனிதர் நடக்க ஆகும் செலவு, சிம்பன்சி நடக்க ஆகும் செலவைவிட ஏறத்தாழ 75 விழுக்காடு குறைவு. சிம்பன்சி பத்தடி நடக்கச் செலவிடுவதில் நாம் நாற்பதடி போகலாம். நடையழகு மட்டும் இதற்குக் காரணம் அல்ல. நிமிர்ந்த இடுப்பு, நீண்ட கால் என்று எலும்பு முதற்கொண்டு எல்லாமே நடைக்காக மாறியிருக்கின்றன. நிதான இழைகள் அந்த மாற்றத்தோடு கைகோத்துப் போகின்றன.

ஓட்டத்திலும் இதே கதைதான். 2004-இல் டென்னிஸ் பிராம்பிள், டேனியல் லீபர்மன் இருவரும் மனித உடலின் பல கூறுகளை நெடுந்தூர ஓட்டத்தோடு இணைத்து எழுதினார்கள்: சுருள்வில் போல ஆற்றலைச் சேமித்துத் திருப்பித் தரும் குதிகால் நாண், ஓடும்போது தலையை நிலையாக வைக்கும் அமைப்பு, உடல் முழுதும் வியர்த்துச் சூட்டைத் தணிக்கும் தோல். நம் முன்னோர் விலங்குகளை ஓடியே களைக்கச் செய்து வேட்டையாடினார்களா என்பதில் ஆய்வாளர்களிடையே இன்னும் வாதம் நடக்கிறது. நெடுந்தூரம் ஓடுவதில் சிம்பன்சி நமக்கு ஈடில்லை என்பதில் வாதம் இல்லை.

எறிவதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். பலம் என்றால் தசை மட்டும்தான் என்ற எண்ணத்தை உடைக்க இதைவிட நல்ல சான்று இல்லை. இழுப்பதில் நம்மை வெல்லும் சிம்பன்சி, ஒரு பொருளை எறிந்தால் அது மணிக்கு ஏறத்தாழ 30 கிலோமீட்டர் வேகத்தில்தான் போகும். பேஸ்பால் ஆட்டத்தில் தேர்ந்த மனிதர்கள் எறியும் பந்து 150 கிலோமீட்டர் வேகத்தைத் தாண்டுகிறது. கையைப் பின்னுக்கு வளைக்கும்போது நம் தோளின் நாண்களும் தசைநார்களும் ரப்பர் பட்டைபோல விரிந்து ஆற்றலைச் சேமிக்கின்றன; கை முன்னால் வரும்போது அந்த ஆற்றல் ஒரே நொடியில் விடுபடுகிறது. இதை 2013-இல் நேச்சர் இதழில் வந்த ஆய்வு காட்டியது. சிம்பன்சியின் தோள் மேல்நோக்கி அமைந்தது. ஏறுவதற்கு ஏற்றது, இப்படி விரிந்து திரும்புவதற்கு ஏற்றதல்ல.

அப்படியானால் சிம்பன்சி ஏன் அவ்வளவு ஆபத்தானது?

ஒன்றரை மடங்குதானே என்று கேட்டவுடன் சிலருக்கு அச்சம் குறைந்துவிடுகிறது. அது தவறு. சிம்பன்சியின் ஆபத்து இழுவிசைமானியில் பதிவாவதில்லை.

முதலில் பற்கள். ஆண் சிம்பன்சியின் கோரைப்பற்கள் நீண்டு கூர்மையானவை. தாக்கும்போது முகத்தையும் விரல்களையும் குறிவைத்துக் கடிக்கும். அடுத்து, நம்மால் பற்ற முடிவது இரண்டு கைகளால். சிம்பன்சிக்குக் கால்களும் கைகளைப் போலவே பற்றும். நான்கு பிடிகளும் ஒரு வாயும் ஒரே நேரத்தில் வேலை செய்யும். மூன்றாவது, நாம் மேலே விரிவாகப் பார்த்த வேக இழைகள். மொத்தப் பலம் சமம் என்றாலும் அந்தப் பலம் கண்ணிமைக்கும் நேரத்தில் வெளிப்படுகிறது. எதிரில் நிற்பவருக்குத் தற்காத்துக்கொள்ளும் அவகாசமே இல்லை. காட்டில் ஆண் சிம்பன்சிகள் கூட்டமாகச் சேர்ந்து அயல்கூட்டத்துச் சிம்பன்சியைக் கடித்தும் அடித்தும் கொன்றதை ஆய்வாளர்கள் பல இடங்களில் நேரில் பதிவு செய்திருக்கிறார்கள்.

குட்டியாக இருக்கும்போது மடியில் உறங்கும் சிம்பன்சி, பருவம் எய்தியபின் தன் இடத்தை நிலைநாட்டச் சண்டையிடும் விலங்காக மாறுவது அதன் இயல்பு. வளர்த்தவர் என்பதால் விலக்கு இல்லை. அதனால்தான் பொறுப்பான உயிரியல் பூங்காக்களில் ஆண்டுக்கணக்கில் பழகிய பராமரிப்பாளர்கள்கூட வளர்ந்த சிம்பன்சியின் அடைப்புக்குள் நுழைவதில்லை. உணவு கொடுப்பதும், காயத்தைப் பார்ப்பதும், ஊசி போடுவதும் கம்பி வலைக்கு இந்தப் பக்கம் நின்றபடியே நடக்கின்றன. ஊசி வேண்டும் நாளில் சிம்பன்சி தானாக வந்து தோளை வலையோடு ஒட்டிக் காட்டும்படி அதற்குப் பல மாதங்கள் பொறுமையாகப் பழக்கம் கொடுக்கிறார்கள்.